பதிவு பண்ணலைன்னா ஸ்கிரிப்ட் உங்களுது இல்லையா? தப்புங்க

அண்ணா, மேல நீங்க எழுதினதுல ரெண்டு விஷயம் தப்பு. சினிமா எழுத்தாளர் சங்கத்துல பதிவு பண்ணாத ஸ்கிரிப்ட்டுக்கு உரிமை கிடையாது, ப்ரொடியூசர் ஒருதடவை பணம் குடுத்துட்டா எல்லாம் அவருதுன்னு சொல்லியிருக்கீங்க. இத நம்பி இங்க கேரளாவுல, பாலக்காடு மாவட்டத்து கொழிஞ்சாம்பாறை, மீனாட்சிபுரம் பக்கம் தமிழ்ல எழுதிட்டிருக்கற பசங்க பயந்துடுவாங்க.

1957 பதிப்புரிமைச் சட்டப்படி (காப்பிரைட் ஆக்ட்) எழுதி முடிச்ச நிமிஷமே உரிமை எழுதினவனுக்குத்தான், பதிவுங்கறது இந்தத் தேதியில இது என்கிட்ட இருந்துச்சுன்னு காட்ட ஒரு சாட்சி, அவ்வளவுதான். ஆனா வெறும் ஐடியாவுக்கு உரிமை இல்ல, 1978லயே சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு, அதனால டீக்கடையில ஒன்லைன், அதாவது ஒரு வரியில கதை, சொல்றதோட நிறுத்தாம முழுசா எழுதி வைங்க.

உரிமைய மாத்திக்குடுக்கறது எழுத்துல, கையெழுத்தோட இருக்கணும். எத்தன வருஷம்னு போடலைன்னா 5 வருஷம்தான் கணக்கு. இதே சட்டத்துல 2012ல வந்த திருத்தத்துக்கு அப்புறம் தியேட்டருக்கு வெளிய, டிவி ஓடிடில ஓடறதுக்காக எழுதினவருக்கு வரவேண்டிய ராயல்டி பங்க நீங்களே வேண்டாம்னு எழுதிக்குடுத்தாலும் செல்லாது. வசூல் பண்றது கஷ்டம்தான், அது வேற. படத்துல உங்க பேரு போடாம விட்டாலும் அதே சட்டத்தோட 57வது பிரிவுல கேக்கலாம், உரிமைய வித்ததுக்கு அப்புறமும்.

சின்ன பட்ஜெட் படத்துல நம்ம ஆளுங்கதானேன்னு பேப்பரே போடாம எழுதிக்குடுக்கறாங்க, எனக்கும் பாலக்காட்டுல ஒரு படத்துல அப்படித்தான் டைட்டில்ல பேரு வராம போச்சு, இன்னும் வலிக்குது. மலையாளத்துல அக்ரிமெண்ட் நீட்டினா படிக்கத் தெரிஞ்சவங்கள வெச்சு ஒவ்வொரு வரியும் கேட்டுட்டு கையெழுத்து போடுங்க.