சுவர் சேராத வீடு

அமெரிக்க நாடகாசிரியர் ஆர்தர் மில்லரின் 'டெத் ஆஃப் எ சேல்ஸ்மேன்' நாடகத்தை வைத்து 1985-இல் அமெரிக்காவின் சி.பி.எஸ் தொலைக்காட்சியில் வந்த படத்தைப் பற்றிப் பேச்சு வந்தாலே ஒரு குறை சொல்வார்கள்: நாடகத்தை அப்படியே கேமராவில் பிடித்து வைத்திருக்கிறார்கள், செட் செட்டாகவே தெரிகிறது. தெரியத்தான் செய்கிறது. இயக்குநர் வோல்கர் ஷ்லோண்டார்ஃப் வேண்டுமென்றே அப்படி விட்டார், அதுதான் படத்தைக் காப்பாற்றியது என்பது என் கட்சி.

கதையின் நாயகன், விற்பனையாளன் வில்லி லோமன், பக்கத்து வீட்டு சார்லியோடு சீட்டாடும் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். செத்துப்போன அண்ணன் பென் வந்து நிற்கிறான், வில்லியின் கண்ணுக்கு மட்டும். வில்லி ஒரே நேரத்தில் இரண்டு பேருக்கும் பதில் சொல்கிறான்; சார்லிக்குத் தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. அசல் வீடு போலக் கட்டியிருந்தால் வில்லி நமக்குக் கிறுக்கனாகத்தான் தெரிந்திருப்பான். இதே நாடகத்தை வைத்து 1951-இல் வந்த சினிமாவில் அப்படித்தான் ஆகிவிட்டது என்று மில்லருக்கே மனத்தாங்கல் உண்டு. இங்கே சுவர்களே முழுதாகச் சேரவில்லை. பென் வரும்போது 'இவன் எப்படி உள்ளே வந்தான்' என்று நாம் கேட்பதே இல்லை.

வில்லியாக நடித்த டஸ்டின் ஹாஃப்மன் விஷயத்தில் எனக்கு இரண்டு மனசு. 63 வயது வில்லியாக நடித்தபோது அவருக்கு ஐம்பதுகூட ஆகவில்லை. குரலிலும் நடையிலும் அந்த உழைப்பு கொஞ்சம் துருத்திக்கொண்டு நிற்கிறது. ஆனால் உருவம் பொருத்தம். 1949-இல் மேடையில் வில்லியாக வந்த லீ ஜே. காப் பெரிய உடம்புக்காரர். ஹாஃப்மனோ சின்ன ஆள். மூத்த மகன் பிஃப்பாக வரும் ஜான் மால்கோவிச் அவரைக் கட்டிக்கொண்டு அழும்போது யார் அப்பா, யார் பிள்ளை என்றே தடுமாற்றமாக இருக்கிறது.

சரி, எல்லாரும் இந்த இரண்டு பேரைப் பற்றித்தான் பேசுகிறார்கள். எனக்கு இது வில்லியின் மனைவி லிண்டாவாக நடித்த கேட் ரீடின் படம். முதலிலேயே அவள் கணக்குதான் சொல்லிக்கொண்டிருப்பாள்: வாஷிங் மெஷினுக்கு இவ்வளவு, கூரை வேலைக்கு இவ்வளவு பாக்கி. கடைசியில் வில்லியின் கல்லறை முன்னால் உட்கார்ந்தும் அதேதான். வீட்டுக் கடனின் கடைசித் தவணையை இன்றைக்குக் கட்டிவிட்டேன், இனி குடியிருக்கத்தான் ஆளில்லை என்று புருஷனிடம் சொல்கிறாள். தனக்கு ஏன் அழுகை வரவில்லை என்று அவனிடமே கேட்கிறாள். அரங்கத்தின் பின்வரிசையில் இருப்பவருக்கு இதில் குரல் மட்டும்தான் கிடைக்கும். தொலைக்காட்சியில் அந்த முகம் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கிறது. அழ முடியாமல் தவிப்பதை ரீட் துளியும் மிகையில்லாமல் காட்டுகிறார்.

ஹாஃப்மனுக்கும் மால்கோவிச்சுக்கும் அமெரிக்கத் தொலைக்காட்சிக்கான எம்மி விருது கிடைத்தது. என்னைக் கேட்டால் முதலில் ரீடுக்குக் கொடுத்துவிட்டுத்தான் மற்றவர்களைக் கூப்பிட்டிருக்க வேண்டும்.