பெயரும் தேதியும் மட்டும் இருந்த கற்கள்

டெக்சாஸில், சான் அன்டோனியோ நகரில் ஒரு ராணுவக் கல்லறைத் தோட்டம் இருக்கிறது. வழக்கமாக அங்கே கல்லில் பதவி, படைப்பிரிவு எல்லாம் பொறித்திருப்பார்கள். 17 கற்களில் மட்டும் பல பத்தாண்டுகளாகப் பெயரும் இறந்த தேதியும்தான் இருந்தன. அவர்கள் 24ஆவது காலாட்படையின் கறுப்பின வீரர்கள். அவர்களைத் தூக்கிலிட்டது அவர்களுடைய ராணுவமே.

1917இல் ஹூஸ்டனில் ஒரு முகாம் கட்டும் இடத்துக்கு அவர்களைக் காவலுக்கு அனுப்பியிருந்தார்கள். ஆகஸ்ட் 23 அன்று ஒரு கறுப்பினப் பெண்ணைப் போலீசார் கைது செய்தபோது குறுக்கே வந்த சிப்பாய்க்கு அடி விழுந்தது. அவர் என்ன ஆனார் என்று விசாரிக்கப் போன கார்ப்பொரல் சார்லஸ் பால்டிமோரையும் அடித்து, அவரை நோக்கித் துப்பாக்கியாலும் சுட்டார்கள். பால்டிமோர் செத்துவிட்டார் என்று முகாமில் வதந்தி பரவியது. நூற்றுக்கும் மேற்பட்ட வீரர்கள் ஆயுதத்தோடு ஊருக்குள் போனார்கள். அன்றிரவு பொதுமக்கள், போலீசார், சிப்பாய்கள் என்று மூன்று தரப்பிலும் உயிர் போனது. அந்தச் சாவுகளைச் சிறிதாக்கிப் பேச எனக்கு மனமில்லை.

ஆனால் அதற்குப் பிறகு நடந்ததை நீதி என்று சொல்ல முடியாது. முதல் விசாரணையில் 63 பேருக்கும் சேர்த்து வாதாட ஒரே ஒரு ராணுவ அதிகாரி. அவர் வழக்கறிஞரும் இல்லை. டிசம்பர் 11 அதிகாலையில் மேல்முறையீட்டுக்கு வழியே விடாமல் 13 பேரைத் தூக்கிலிட்டார்கள். பால்டிமோரும் அதில் ஒருவர். அடுத்த ஆண்டு இன்னும் ஆறு பேர். இந்த 19 பேரில் 17 பேர்தான் சான் அன்டோனியோவில் அந்தக் கற்களின் கீழ் இருப்பவர்கள்.

இதே ஹூஸ்டனில், வியட்நாம் போருக்குப் போய்வந்த கேப்டன் பால் மேத்யூஸ், தான் பல காலம் தேடிச் சேர்த்த பொருட்களை வைத்து 2001இல் ஓர் அருங்காட்சியகம் தொடங்கினார். 1866இல் அமெரிக்க ராணுவத்தில் உருவான கறுப்பினப் படைப்பிரிவுகளை 'பஃபலோ சோல்ஜர்ஸ்' என்பார்கள். 24ஆவது காலாட்படையும் அந்த வழியில் வந்ததுதான். அருங்காட்சியகத்துக்கும் அந்தப் பெயர்தான். ஆண் வேடத்தில் படையில் சேர்ந்த கேத்தி வில்லியம்ஸ் என்ற பெண்ணும் அந்த வரலாற்றில் இருக்கிறார்.

1917 சம்பவத்துக்காகத் தண்டனை பெற்ற 110 வீரர்கள் மீதான தீர்ப்புகளையும் 2023 நவம்பரில் ராணுவம் ரத்து செய்தது. அந்த விழா நடந்தது மேத்யூஸின் அருங்காட்சியகத்தில். போராடி மனுப் போட்டவர்கள் வழக்கறிஞர்கள், ஓய்வுபெற்ற தளபதிகள், வீரர்களின் வாரிசுகள். அந்தப் பெருமை அவர்களுக்குத்தான். ஆனாலும் அறிவிப்பைக் கேட்க அந்தக் குடும்பங்கள் வந்து உட்கார அந்த ஊரில் அப்படி ஓர் இடம் தயாராக இருந்தது பாருங்கள், அதை நான் பெரிய விஷயமாக நினைக்கிறேன். விசாரணைக் காகிதங்கள் அரசிடம் எப்போதும் இருந்தன. காகிதம் இருந்தும் நூறு ஆண்டு ஒன்றும் அசையவில்லையே! இவர்கள் எங்கள் ஆட்கள் என்று உரிமையோடு சொல்ல ஒருவர் வேண்டியிருந்தது.

இந்தப் படைகள் செவ்விந்தியர்களுக்கு எதிரான போர்களிலும் இறக்கப்பட்டவைதானே என்று சிலர் கேட்பார்கள். நியாயமான கேள்வி. அதையும் சேர்த்தேதான் சொல்ல வேண்டும். வீரர்களைப் புனிதர்களாக்குவது ஒருவகையில் அவர்களை மறுபடி மறைப்பதுதான்.

2024இல் அந்த 17 பேருக்கும் பதவியும் படைப்பிரிவும் பொறித்த புதிய கற்கள் வைத்தார்கள். ஹூஸ்டனில் பிள்ளைகள் இருக்கிற நம்மவர்கள் அங்கே போனால் நாசாவுக்கும் பியர்லாந்து மீனாட்சி கோயிலுக்கும் தவறாமல் போகிறோம். அப்படியே ஒரு மதியம் கரோலின் தெருவில் இருக்கும் இந்த அருங்காட்சியகத்துக்கும் போய்வாருங்கள். பேரப்பிள்ளைகளையும் கூட்டிப்போங்கள்.