சிவகங்கையின் 2,05,664: கோட்டையா, சிதறிய ஓட்டா?

2009-இல் சிவகங்கை நாடாளுமன்றத் தொகுதியில் ப. சிதம்பரம் வாங்கியது 3,34,348 ஓட்டு. அதிமுகவின் ராஜ கண்ணப்பன் வாங்கியது 3,30,994. வித்தியாசம் 3,354. 2024-இல் கார்த்தி சிதம்பரம் 4,27,677, அதிமுகவின் சேவியர்தாஸ் 2,22,013. வித்தியாசம் 2,05,664.

முன்னது மயிரிழையில் தப்பியது, பின்னது அசைக்க முடியாத கோட்டை. காரைக்குடியிலிருந்து பொன்னமராவதி வரை டீக்கடைக் கணக்கு இதுதான். டிவி விவாதக் கணக்கும் இதைத் தாண்டுவதில்லை. இப்போது சதவீதத்தைப் பாருங்கள். பதிவான ஓட்டில் அப்பாவுக்குக் கிடைத்தது 43-ஐ ஒட்டி. மகனுக்குக் கிடைத்தது 40.6. "கோட்டை" என்று பேர் வாங்கியவருக்குத்தான் பங்கு குறைவு!

காரணம் எதிர்ப்பக்கத்தில் இருக்கிறது. 2009-இல் சிதம்பரத்துக்கு எதிராக விழுந்த ஓட்டில் நாலில் மூன்று பங்கு ஒரே ஆளிடம் போய்ச் சேர்ந்தது. 2024-இல் அதிமுக 21.1, தாமரை 18.6, நாம் தமிழர் 15.5 என்று சிதறியது. இதை அளக்க ஒரு குறியீடே உண்டு. டேவிட் பட்லர், அசோக் லாஹிரி, பிரணாய் ராய் மூவரும் இந்தியத் தேர்தல்களுக்காகப் புழக்கத்துக்குக் கொண்டுவந்த எதிர்க்கட்சி ஒற்றுமைக் குறியீடு அது. எதிர் ஓட்டு மொத்தத்தில் முதல் எதிர்க்கட்சியின் பங்கு எவ்வளவு சதவீதம் என்று பார்ப்பது, அவ்வளவுதான். சிவகங்கைக்கு 2009-இல் அது 75 அளவில் வரும். 2024-இல் 36-ஐக்கூடத் தொடவில்லை. வித்தியாசம் 3,354-இலிருந்து 2,05,664-க்குத் தாவியது காங்கிரஸ் வளர்ந்ததால் அல்ல, இந்தக் குறியீடு பாதியாகச் சரிந்ததால்.

ஆகவே என் கருத்து இது. தமிழ்நாட்டில் ஸ்விங் கணக்கு (போன தேர்தல் எண்ணை அடிப்படையாக வைத்து, ஓட்டுச் சதவீதம் எவ்வளவு நகரும் என்று ஊகித்து முடிவைச் சொல்வது) பொய்த்துப்போவது பெரும்பாலும் ஸ்விங்கைத் தப்பாக ஊகித்ததால் இல்லை, அடிப்படை எண்ணைத் தப்பாக எடுத்ததால். தொடக்க இருப்பைத் தப்பாக எழுதிய பேரேட்டில் ஐந்தொகை எப்படி நிற்கும்? செட்டிநாட்டுக்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. ஆனால் தேர்தல் என்று வந்துவிட்டால் நம்மவர்களும் போன தடவை லீடிங்கை அப்படியே தூக்கிவைத்துத்தான் பேசுகிறோம்.

முறை என்ன என்று பார்த்துவிடலாம். சீரான ஸ்விங் என்பது, மாநிலம் முழுக்க ஒரு கட்சிக்கு 4 புள்ளி குறைந்தால் ஒவ்வொரு தொகுதியிலும் அதே 4 புள்ளி குறையும் என்று வைத்துக்கொள்வது. பிரிட்டனில் இரண்டே கட்சிகள் மோதிய காலத்தில் பட்லர் பிரபலமாக்கியது. ஒரு பக்கத்தின் ஏற்றத்தையும் மறுபக்கத்தின் இறக்கத்தையும் கூட்டி இரண்டால் வகுத்தால் ஸ்விங். ஒருவர் 4 இழந்து மற்றவர் 6 கூடினால் ஸ்விங் 5.

இந்த "இரண்டால்" என்பதைத்தான் பாதிப் பேர் மறந்துவிடுகிறார்கள். 10 புள்ளி முன்னிலையைக் கவிழ்க்க 10 புள்ளி நகர வேண்டியதில்லை, 5 போதும். இங்கே குறைவது அங்கே கூடுகிறதல்லவா? சிவகங்கையில் 2024-இல் பதிவானது ஏறத்தாழ பத்தரை லட்சம். 2,05,664 என்பது அதில் 19.5 சதவீதம். கவிழ்க்க வேண்டிய ஸ்விங் 9.8. மேலோட்டமான கணக்கு இது. இதிலேயே கோட்டையின் உயரம் பாதியாகிவிட்டது.

கணக்கை எப்போதும் பதிவான ஓட்டின் சதவீதத்தில் போடுங்கள். ஓட்டு எண்ணிக்கையிலும் வேண்டாம், வாக்காளர் பட்டியலை வகுக்கும் எண்ணாக வைத்தும் வேண்டாம். 2025 தீவிரத் திருத்தத்தின் வரைவுப் பட்டியலில் தமிழ்நாட்டில் 97 லட்சத்துக்கும் மேலான பெயர்கள் நீங்கின. வீடு கானாடுகாத்தானிலும் ஆள் சென்னையிலோ சிங்கப்பூரிலோ இருக்கும் இந்தப் பக்கத்தில் பட்டியல் சுருங்கினால், ஓட்டுப் போட வந்த தலை ஒன்றுகூடக் கூடாமலே வாக்குப்பதிவு சதவீதம் எகிறும். அதைப் பார்த்து "அலை வீசுது" என்று ஆரம்பித்துவிடுவார்கள்.

இப்போது அடிப்படை எண். 2025 ஏப்ரலில் அதிமுகவும் பாஜகவும் மறுபடி கைகோத்தன. அதே அணி அடுத்த நாடாளுமன்றத் தேர்தலிலும் நிற்கிறது என்று ஒரு பேச்சுக்கு வைத்துக்கொள்வோம். 2024-இல் சிவகங்கையில் தாமரைச் சின்னம் வாங்கியது 1,95,788. அதிமுகவின் 2,22,013-ஐச் சேர்த்தால் 4,17,801. கார்த்தியின் 4,27,677-இலிருந்து கழித்தால் மிச்சம் 9,876. இரண்டு லட்சத்துக்கு மேல் என்று சொன்னது பத்தாயிரத்துக்குள் வந்துவிட்டது. ஒரு சதவீதம்கூட இல்லை. அரைப் புள்ளி ஸ்விங்கில் தொகுதி கை மாறும்.

அதற்காகக் கோட்டை இடிந்தது என்று கிளம்பிவிடவும் கூடாது. இரண்டு கட்சி ஓட்டும் சிந்தாமல் சிதறாமல் ஒன்று சேரும் என்பது கட்சி ஆபீஸ் கணக்கு. இதே தொகுதியே அதற்குச் சாட்சி. 2014-இல் தனித்தனியாக நின்று அதிமுக 4,75,993, பாஜக 1,33,763 வாங்கின. கூட்டினால் ஆறு லட்சத்தைத் தாண்டும். 2019-இல் இருவரும் ஒரே அணி. தாமரையில் நின்ற எச். ராஜாவுக்கு விழுந்தது 2,33,860. அதிமுகவிலிருந்து பிரிந்த அமமுக கொண்டுபோன 1,22,534-ஐச் சேர்த்துக்கொண்டாலும் மூன்றரை லட்சத்தைச் சற்றே தாண்டுகிறது. எதிரலை அடித்த தேர்தல் அது, உண்மைதான். ஆனாலும் இலைக்குப் போட்டுப் பழகிய கை தாமரைக்கு அப்படியே போய்விடாது என்பதை அந்த எண் காட்டுகிறது. தாமரைக்குப் போட்டவர் இலைக்குப் போவது கொஞ்சம் சுலபம் என்பது என் கணிப்பு. திசையைப் பொறுத்து கசிவு மாறும்.

எனவே கசிவு விகிதம் ஒன்று வைத்தே ஆக வேண்டும். அணியின் வேட்பாளர் அதிமுகக்காரர், பாஜக ஓட்டில் 80 சதவீதம் அவருக்கு மாறி விழுகிறது, மீதி 20-இல் பாதி காங்கிரஸுக்கு, பாதி மற்றவர்களுக்கு என்று வைத்தால்: அதிமுக 3,78,643, காங்கிரஸ் 4,47,256, வித்தியாசம் 68,613. அதாவது 6.5 சதவீதம், கவிழ்க்கும் ஸ்விங் 3.3. மாறி விழுவது 90 சதவீதம் என்றால் வித்தியாசம் 39 ஆயிரத்துச் சொச்சம், ஸ்விங் 1.9. இந்தத் தொகுதியின் உண்மையான "லீடிங்" இந்த வீச்சுக்குள் எங்கோ இருக்கிறது. 2,05,664-இல் இல்லை.

இந்தக் கணக்கில் நாம் தமிழரின் 1,63,412-ஐத் தொடாமல் விட்டிருக்கிறேன் என்பதைக் கவனியுங்கள். மாநிலத்தில் அக்கட்சிக்கு 8.2 சதவீதம், சிவகங்கையில் ஏறக்குறைய அதைப்போல் இரண்டு மடங்கு. திருத்திய கணக்கில் வந்த எந்த வித்தியாசத்தைவிடவும் பெரிய மூட்டை. அது ஐந்து புள்ளி கரைந்தால் எந்தப் பக்கம் போகும் என்பதற்குத் தனி வரிசை போடாத கணிப்பு இந்தத் தொகுதிக்கு உதவாது.

2024 நாடாளுமன்றத் தேர்தலில் நிற்காத தவெகவுக்கு அந்த அடிப்படையில் எண் பூஜ்யம். பூஜ்யத்தோடு ஸ்விங்கைக் கூட்ட முடியாது. ஆளாளுக்கு எவ்வளவு பிடுங்கும் என்று அனுமானம் வைத்துக் கழிக்கத்தான் முடியும். புதுக்கட்சிக்கு ஓட்டு வந்தால் சீட்டும் வரும் என்றும் நினைக்கவேண்டாம். 2006-இல் தேமுதிக 8.4 சதவீதம் வாங்கி ஜெயித்தது ஒரே ஓர் இடம், விருத்தாசலம்.

சட்டமன்ற முடிவை எடுத்து நாடாளுமன்றத்துக்கு அடிப்படையாக வைக்கலாமே என்று கேட்பார்கள். 2019 ஏப்ரல் 18-ஐ நினைவுபடுத்துகிறேன். அன்று மானாமதுரையில் நாடாளுமன்றத்துக்கும் சட்டமன்ற இடைத்தேர்தலுக்கும் சேர்த்தே ஓட்டுப்பதிவு. அதே பூத், அதே வாக்காளர், இரண்டு மெஷின். சட்டமன்றத்துக்கு அதிமுக ஜெயித்தது. நாடாளுமன்றத் தொகுதியைக் காங்கிரஸ் 3,32,244 ஓட்டில் கொண்டுபோனது. வேறு எண்ணே கிடைக்காவிட்டால் சட்டமன்ற எண்ணைத் தொடலாம், அவ்வளவுதான்.

அடிப்படையைச் சரிசெய்தபின் 39 தொகுதிகளுக்கும் ஏணி போடுவது சுலபமான வேலை. எக்செல்லில் தொகுதி, அணி வாரியாகத் திருத்திய சதவீதம், முதலிரண்டு பேருக்கு இடையே வித்தியாசம், அதில் பாதி. அந்தப் பாதியை வைத்து ஏறுவரிசையில் அடுக்கினால் ஒவ்வொரு அரைப் புள்ளிக்கும் எத்தனை சீட் விழும் என்று தெரியும். 2024-ஐத் திருத்தாமல் அடுக்கினால் மேலே நிற்பது விருதுநகர் (4,379), அதற்கடுத்த வரிசையில் தர்மபுரி (21,300). திருத்தி அடுக்கினால் வரிசையே கலைந்துபோகும்.

அதே சமயம் மொத்த சதவீதத்தை மட்டும் பார்த்து ஸ்விங் எடுப்பவர்கள் எங்கே விழுகிறார்கள் என்பதற்குத் தமிழ்நாடே பாடம். திமுக அணி 2019-இல் 53 சதவீதம், 38 இடம். 2024-இல் 47 சதவீதம், 39 இடம். ஆறு புள்ளி போயும் ஓர் இடம் கூடியது, எதிரணி 23, 18 என்று இரண்டாக நின்றதால். பாஜக 3.6-இலிருந்து 11.2-க்கு "வளர்ந்ததை" எடுத்துக்கொள்ளுங்கள். 2019-இல் தாமரை நின்றது 5 தொகுதியில். 2024-இல் கூட்டாளிகளுக்குக் கொடுத்ததையும் சேர்த்து 23. நிற்காத இடத்தில் ஓட்டு எப்படி விழும்? மாநிலச் சதவீதத்தை ஒப்பிடாமல், இரண்டு தடவையும் நின்ற தொகுதிகளை மட்டும் எடுத்து ஒப்பிட வேண்டும்.

டெல்லி அளவிலான ஸ்விங்கை இங்கே இறக்குமதி செய்வது இன்னும் மோசம். 2019-க்கும் 2024-க்கும் இடையில் பாஜகவின் அகில இந்தியப் பங்கு ஒரு புள்ளிகூடக் குறையவில்லை. இடமோ 303-இலிருந்து 240. உத்தரப் பிரதேசத்தில் மட்டும் 62-இலிருந்து 33. ஏறிய மாநிலமும் இறங்கிய மாநிலமும் ஒன்றையொன்று கழித்துக்கொண்டு மொத்தத்தில் ஒன்றுமே நடக்காததுபோல் தெரிந்தது. மாநிலம் மாநிலமாகப் போடாத ஸ்விங் கணக்கை நான் படிப்பதே இல்லை.

இந்த முறை பிறந்த பிரிட்டனிலும் 2024-இல் அதற்குச் சோதனைதான். தொழிற்கட்சி 32.1-இலிருந்து 33.7-க்கு வந்தது, ஒன்றரைப் புள்ளிதான். இடம் 202-இலிருந்து 411. கன்சர்வேட்டிவ் இறங்கியது இருபது புள்ளி. 2019-இல் அவர்கள் இருபதுக்கும் கீழே வாங்கிய தொகுதிகளில் சீரான ஸ்விங் போட்டால் மைனஸ் ஓட்டு வரும்! அதனால் அங்கே பலர் விகித ஸ்விங்குக்குப் போனார்கள். கழிப்பதற்குப் பதிலாகப் பெருக்குவது. கன்சர்வேட்டிவின் 43.6 என்பது 23.7 ஆனால் எல்லாத் தொகுதியிலும் 0.54-ஆல் பெருக்குவது. நம் சிவகங்கையில் இரண்டையும் போட்டுப் பாருங்கள். 2019-இல் காங்கிரஸுக்கு 52.2. மாநிலத்தில் திமுக அணி இழந்த ஆறைச் சீரான ஸ்விங்கில் கழித்தாலும், விகிதத்தில் 53-க்கு 47 என்று பெருக்கினாலும், 2024-க்கு 46 வருகிறது. நிஜத்தில் வந்தது 40.6. ஐந்து புள்ளிக்கு மேல் பிசகு. வேட்பாளர், சாதி, ஊர்ச் சண்டை, யார் நிஜமாக வேலை பார்த்தார்கள் என்பதெல்லாம் அந்த ஐந்துக்குள் அடங்கியிருக்கிறது.

அந்தப் பிசகைக் கணக்குக்குள் கொண்டுவர வழி உண்டு. ஸ்விங் போட்டபின் ஒரு தொகுதியில் முன்னிலை 2 புள்ளி என்றால் அதை ஒரு சீட் என்று எழுதாதீர்கள். முன்னிலைக்கு 8 புள்ளி திட்ட விலக்கம் (கணிப்பு சாதாரணமாக எவ்வளவு பிசகும் என்ற அளவு) வைத்து, 2-ஐ 8-ஆல் வகுத்து, எக்செல்லின் நார்ம்.எஸ்.டிஸ்ட் ஃபங்ஷனில் போட்டால் 0.60 வரும். அதை 0.6 சீட் என்று எழுதுங்கள். முன்னிலை 8 என்றால் 0.84, 16 என்றால் 0.98. இப்படிப் பத்துத் தொகுதியில் 2 புள்ளி முன்னிலை இருந்தால் சாதாரண ஸ்விங் 10 என்று சொல்லும், இந்தக் கணக்கு 6 என்று சொல்லும். மேலே சொன்ன 80 சதவீதச் சிவகங்கையை 3 புள்ளி எதிர் ஸ்விங்கில் போட்டால் மிஞ்சும் முன்னிலை அரைப் புள்ளி, சீட் 0.52. நாணயம் சுண்டுவதுதான்.

இதிலும் ஓர் ஓட்டை இருக்கிறது. தொகுதிப் பிசகுகள் ஒன்றையொன்று ஈடுகட்டும், ஆனால் மாநில ஸ்விங்கையே இரண்டு புள்ளி தப்பாக ஊகித்தால் 39-உம் ஒரே பக்கம் சாயும். ஆகவே ஒரே எண்ணாக முடிவைச் சொல்லாமல் ஸ்விங்கை 1, 3, 5 என்று மூன்று தடவை ஓட்டிப் பாருங்கள். மூன்றுக்கும் ஏறத்தாழ ஒரே சீட் வந்தால் அந்த மாநிலத்தைப் பற்றித் தைரியமாகப் பேசலாம். 2024-இல் பெரும்பாலான எக்ஸிட் போல்கள் தேசிய ஜனநாயகக் கூட்டணிக்கு 350-க்கு மேல் என்றன, வந்தது 293. அகலமான வீச்சைச் சொல்ல வெட்கப்பட்டால் இப்படித்தான் ஆகும்.

கடைசியாக, ஆர்வம் உள்ளவர்களுக்கு ஒரு வேலை. படிவம் 20 என்று ஒன்று உண்டு. பூத் வாரியாக யாருக்கு எத்தனை என்ற இறுதித் தாள். 2009, 2014, 2019, 2024-க்குக் கிடைப்பதை இப்போதே இறக்கி வைத்துக்கொள்ளுங்கள். 2008 தொகுதி மறுசீரமைப்பில் புதுக்கோட்டைத் தொகுதி மறைந்து, ஆலங்குடி நம்மோடு வந்து சேர்ந்தது. இளையான்குடி சட்டமன்றத் தொகுதி காணாமல் போனது. அதனால் 2004 சிவகங்கையை 2009 சிவகங்கையோடு நேரடியாக ஒப்பிட்டவர்கள் வேறு வேறு ஊர்களை ஒப்பிட்டார்கள். அடுத்த மறுசீரமைப்பில் எல்லை மறுபடி நகரும்போது பழைய ஓட்டைப் புது எல்லைக்குள் அடுக்க பூத் எண்கள் மட்டும்தான் உதவும். ஒரு பூத்துக்கு 1,200 வாக்காளர் என்ற புது வரம்பால் பூத்துகளும் பிரிந்து எண் மாறுகின்றன. எனவே பூத் எண்ணோடு பள்ளிக்கூடத்தின் பெயரையும் தெருப் பெயரையும் சேர்த்தே பதிந்து வையுங்கள்.