வாச்சாத்தி: கோர்ட் சொன்னது இதுதான்

"வாச்சாத்தி ஆவணப்படங்கள் ஒருதலைப்பட்சம், நடந்தது வெறும் சந்தனமரச் சோதனை, கோர்ட்டில் எதுவும் நிரூபணமாகல" என்று மேலே ஒரு நண்பர் எழுதியிருக்கிறார். தவறு நண்பரே.

1992 ஜூன் 20, அரூர் பக்கம் மலையாளிப் பழங்குடிகளின் (கேரளத்தவர் அல்ல, மலைவாழ் தமிழ் மக்கள்) ஊரான வாச்சாத்திக்குள் வனத்துறை, போலீஸ், வருவாய்த்துறை ஆட்கள் புகுந்தார்கள்; பெண்கள் பாலியல் வன்கொடுமைக்கு ஆளானார்கள். சிபிஐ விசாரித்தது. குற்றம் சாட்டப்பட்டவர்கள் 269 பேர். வழக்கு இழுத்த இழுப்பில் 54 பேர் இறந்தே போனார்கள். மீதி 215 பேரும் குற்றவாளிகள் என்று 2011 செப்டம்பர் 29இல் சொன்னது நம்ம தருமபுரி கோர்ட்தான். ஒருவர்கூட விடுதலையாகவில்லை. 2023இல் சென்னை உயர் நீதிமன்றமும், நீதிபதி நேரில் ஊருக்கே போய்ப் பார்த்தபின், அதை உறுதிசெய்தது. பாலியல் வன்கொடுமைக்கு ஆளான 18 பெண்களுக்குத் தலா 10 லட்சம் இழப்பீடு தரவும் உத்தரவிட்டது.

கேமரா முன்னால் அந்தப் பெண்கள் பேசுவது கோர்ட் நம்பி ஏற்ற சாட்சியம். தயவுசெய்து பதிவைத் திருத்துங்கள்.