கண்ணீரைக் குடித்து மயில் கருத்தரிப்பதில்லை

ஆண் மயில் பிரம்மச்சாரி, அதன் கண்ணீரைக் குடித்தே பெண் மயில் கருவுறுகிறது, அதனால்தான் மயிலிறகு தூய்மையின் சின்னம் என்று ஒரு செய்தி வாட்ஸ்அப்பில் சுற்றுகிறது. 2017இல் ராஜஸ்தான் உயர் நீதிமன்ற நீதிபதி ஒருவரே இதைச் சொல்ல, நாடெங்கும் பரவியது. இது பொய்.

மயிலும் கோழியைப் போலவே இணைசேர்கிறது. பெண் மயில் தாழ்ந்து அமர, ஆண் அதன் முதுகில் ஏறும். இரண்டின் எச்சத்துளைகளும் ஒட்டும்போது விந்து உள்ளே போகிறது. சில நொடிகளில் முடிந்துவிடுவதால் பலர் கண்ணில் படுவதில்லை. தோகை விரித்த ஆட்டம்தான் நினைவில் நிற்கிறது. கண்ணீர் போவது இரைப்பைக்கு. அங்கிருந்து சினைக்குழாய்க்கு வழியே கிடையாது. பெண் மயில் நான்கு முதல் ஆறு முட்டைகள் வரை இட்டு, ஏறத்தாழ 28 நாள் தனியாகவே அடைகாக்கும். ஆண் அந்தப் பருவத்திலேயே பல பெண் மயில்களோடு சேரும்.

தமிழ் மரபும் மயிலைத் துறவுக்கு அடையாளமாக வைக்கவில்லை. சங்க இலக்கியத்தில் அது மலைநிலமான குறிஞ்சித் திணையின் கருப்பொருள், அதாவது அந்நிலத்துக்குரிய உயிர்களில் ஒன்று. அத்திணைக்குரிய காதல் ஒழுக்கமான உரிப்பொருளோ புணர்தல். முருகனும் இரு தேவியரோடுதான் மயில்மேல் வீற்றிருக்கிறான்.

இறகு வாங்குவோர் அடித்தண்டைப் பாருங்கள். இணைசேரும் பருவம் முடிந்ததும் தானாக உதிர்ந்த இறகின் அடி காய்ந்து சுத்தமாக இருக்கும். இரத்தக் கறையோ சதையோ ஒட்டியிருந்தால் அது பிடுங்கியது, வாங்காதீர்கள்.