கே.எஸ். பாலச்சந்திரனின் கனடா வருடங்களும் எங்கள் கணக்கில்தான்

அண்மையில் யாழ்ப்பாணத்தில் நாடகம் பற்றிக் கதைக்கக் கூடிய இடத்தில் ஒரு தம்பி கேட்டார்: "அண்ணை, கே.எஸ். பாலச்சந்திரன் கனடாவுக்குப் போனதோட அவரின்ரை கலை வாழ்க்கை முடிஞ்சுதுதானே?"

நல்ல வாசிப்புள்ள பிள்ளை, நாடகமும் அரங்கியலும் படித்தவர். அவரில் பிழை சொல்ல மாட்டேன். நாங்கள் மூத்தவர்கள் அப்படித்தான் கதைத்துப் பழகியிருக்கிறோம். ஒரு கலைஞன் பிளேன் ஏறினால் அந்தத் திகதியோடு அவனுடைய கணக்கை மூடிவிடுகிறோம். அதற்குப் பிறகு அவன் அங்கே நாடகம் போட்டாலும், ரீவி நிகழ்ச்சி இயக்கினாலும், நாவல் எழுதினாலும், "அது அங்கத்தைய ஆக்களுக்கு" என்று விட்டுவிடுகிறோம். இது எனக்குச் சரியாகப் படவில்லை. அதைத்தான் கொஞ்சம் விரிவாக எழுதுகிறேன்.

நடிகர், வானொலி அறிவிப்பாளர், நாடக இயக்குநர் பாலச்சந்திரன் 1944 இல் பிறந்தவர், வடமராட்சியில் கரவெட்டி ஆள். இங்கே அவருடைய பெயரைச் சொன்னால் ஐம்பது வயது தாண்டியவர்கள் உடனே "அண்ணை றைற்" என்பார்கள். பஸ் கொண்டக்டரை வைத்துச் செய்த தனிநடிப்பு. திரை கிடையாது, ஒப்பனை என்று பெரிதாக ஒன்றும் கிடையாது. ஒரே ஆள் நின்று ஒரு பஸ் சனத்தை முழுக்க எங்கள் கண்முன்னால் ஏற்றி இறக்கிவிடுவார். இலங்கை வானொலியில் மக்கள் வங்கியின் அனுசரணையில் வந்த "தணியாத தாகம்" தொடரில், சில்லையூர் செல்வராசன் எழுதிய அந்த நாடகத்தில், அவருடைய குரல் வீடு வீடாகப் போனது. பிறகு அவரே "கிராமத்துக் கனவுகள்", "வாத்தியார் வீட்டில்" என்று வானொலித் தொடர்கள் எழுதினார். 1978 இல் வந்த "வாடைக்காற்று" படத்தில் நடித்தார். 1982 இல் ரூபவாகினி தொலைக்காட்சி தொடங்கிய பிறகு அங்கேயும் தமிழ் நாடகங்களில் வந்தார். இவ்வளவும் அரச உத்தியோகம் பார்த்துக்கொண்டே செய்தவை.

எனக்கு அவர் அறிமுகமானது கசெற்றில். 90களின் தொடக்கத்தில், யுத்த காலத்தில், யாழ்ப்பாணத்தில் கரண்ட் இல்லை, பற்றரிக்குத் தடை. சைக்கிளைக் கவிழ்த்து நிறுத்தி, டைனமோவிலிருந்து ரேப் ரெக்கோடருக்கு வயர் இழுத்து, ஒருவர் பெடலைக் கையால் சுற்ற மற்றவர்கள் சுற்றிவர இருந்து கேட்போம். எங்கள் வீட்டில் சுற்றுகிற வேலை பெரியண்ணைக்கு. அவர் சிரிக்கத் தொடங்கினால் கை தளரும், பாலச்சந்திரனின் குரல் இழுபட்டு மாட்டின் குரல் போல ஆகிவிடும். "தம்பி, சிரிக்காமல் சுத்து" என்று அம்மாவே கத்துவா.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். நடிகனை எங்களுக்குத் தெரியும், அறிவிப்பாளனைத் தெரியும். இயக்குநரைத் தெரியாது. வானொலி நாடகத்தில் இயக்குநர் என்றால் ஸ்ரூடியோக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நிற்கிற ஆள். கையைக் காட்டினால் ஒருவர் பேச வேண்டும், இன்னொருவர் மைக்கை விட்டு இரண்டடி பின்னுக்குப் போக வேண்டும். அந்த இரண்டடிதான் கேட்கிறவனுக்கு "அவர் படலையடிக்குப் போயிட்டார்" என்று சொல்லும். தாள் புரளும் சத்தம் கேட்கக்கூடாது. கிணற்றடிக் காட்சி என்றால் துலா கிறீச்சிடுகிற சத்தம் எந்த வசனத்துக்கு முன்னால் வர வேண்டும், எந்த இடத்தில் அடங்க வேண்டும் என்பதை அவர்தான் தீர்மானிக்க வேண்டும். கூடிவிட்டால் வசனம் கேட்காது. குறைந்தால் கிணறு இல்லை. எல்லாவற்றுக்கும் மேலாக, வடமராட்சிக் கிழவி ஒருத்தி கோபத்தில் எங்கே மூச்சு எடுப்பாள் என்று தெரிந்திருக்க வேண்டும். இது எந்த ஸ்ரூடியோவிலும் சொல்லித்தருகிற பாடம் இல்லை. சந்தையிலும் பஸ்ஸிலும் செத்த வீட்டிலும் காதைத் திறந்து வைத்திருந்தவனுக்கு வருவது.

அந்தக் காது பிளேன் ஏறியதும் அடைத்துப்போகுமா? ரொறன்ரோவுக்குப் போய் அவர் சும்மா இருக்கவில்லை. அங்கத்தைய தமிழ் வானொலி, தொலைக்காட்சி, மேடை என்று எல்லாவற்றிலும் வேலை செய்தார். "வொண்டர்புல் வை.ரி. லிங்கம் ஷோ" என்ற தொலைக்காட்சித் தொடரை அங்கேதான் செய்தார். யாழ்ப்பாணத்து ஆள் ஒருவர் புது நாட்டில் எப்படித் தட்டுத்தடுமாறுகிறார், எங்கே வீம்பு பிடிக்கிறார் என்பதையெல்லாம் எங்கள் பேச்சிலேயே சிரிக்கச் சிரிக்கக் காட்ட அங்கே ஒரு ஆள் தேவைப்பட்டார். இங்கே இருந்துகொண்டு ஒருவராலும் அதைச் செய்திருக்க முடியாது.

புலம்பெயர்ந்த நாட்டில் தமிழ் நாடகம் இயக்குவதென்றால் நடிகர்கள் எல்லாரும் வேறு வேலை பார்க்கிறவர்கள். இரவு ஷிப்ட் முடித்து வந்தவரைச் சனிக்கிழமை காலையில் ஒத்திகைக்கு நிறுத்த வேண்டும். ஒருவருக்கு வேலை நேரம் மாறினால் காட்சியே மாறும். வெளியே பனி என்றால் வெளிப்புறக் காட்சி இல்லை. பணம் பற்றிச் சொல்லத் தேவையில்லை. இந்த நிலைமையில் வருடக்கணக்காக ஒருவர் இயக்கினார் என்றால், அதைப் பொழுதுபோக்கு என்று தள்ளிவிடுகிறவர்களோடு எனக்கு உடன்பாடு இல்லை.

இன்னொன்று. அவர் "கரையைத் தேடும் கட்டுமரங்கள்" நாவலை வெளியிட்டது 2009 இல். கனடாவில் இருந்துகொண்டு எங்கள் கடற்கரைச் சனத்தைப் பற்றி எழுதினார். 2014 பெப்ரவரியில் அங்கேயே காலமானார். இறந்தபோது இங்கே அஞ்சலி எழுதியவர்கள் பெரும்பாலும் "அண்ணை றைற்" பற்றித்தான் எழுதினார்கள். அது நியாயம்தான், ஆனால் பாதி நியாயம்.

இது அவர் ஒருவரின் கதையும் இல்லை. யாழ்ப்பாணத் தீவகத்தில் கரம்பொனில் 1912 இல் பிறந்த சோ. சிவபாதசுந்தரம் லண்டன் பி.பி.சி.க்குப் போய், அங்கே நடந்த தமிழ் ஒலிபரப்புக்குத் "தமிழோசை" என்று பெயர் வைத்தார். 2017 ஏப்ரலில் அந்த வானொலி ஒலிபரப்பு நிறுத்தப்படும் வரைக்கும் அந்தப் பெயர் நின்றது. "ஒலிபரப்புக் கலை" என்று தமிழில் ஒரு நூலே எழுதி வைத்தார். தீவகத்துப் பிள்ளைகள் எத்தனை பேருக்கு இது தெரியும்? கேட்டுப் பாருங்கள். போனவர்களின் பாதி வாழ்க்கையை நாங்கள் எடுத்து வைக்காவிட்டால், எங்கள் ஒலிபரப்பு வரலாறே பாதிதான்.

எழுதினது புத்தகமாக நிற்கும். குரல் அப்படி நிற்காது. 95 ஒக்ரோபரில் யுத்தத்தால் சனம் வலிகாமத்தை விட்டு வெளிக்கிட்டபோது யார் கசெற் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போனார்கள்? எங்கள் வீட்டுக் கசெற்றுகளும் அங்கேயே போய்விட்டன. கனடாப் பக்கமும் நிலைமை திறமில்லை. அந்தக் காலத்து வீஎச்எஸ் ரேப்புகள் யாரோ ஒருவருடைய நிலவறையில் கிடக்கும். பிள்ளைகளுக்கு அது என்னவென்றே தெரியாது. வீடு மாறும்போது குப்பைக்குப் போய்விடும்.

நூலகம் நிறுவனம் 2005 இலிருந்து எங்கள் புத்தகங்களையும் பத்திரிகைகளையும் இணையத்தில் ஏற்றி வருகிறது. "ஆவணகம்" என்ற தளத்தில் ஒலி, ஒளிப்பதிவுகளையும் சேர்க்கிறார்கள். ஆகவே கொடுப்பதற்கு இடம் இருக்கிறது. கொடுக்கத்தான் ஆள் வேண்டும். இங்கே நாடகம் படிப்பிக்கிறவர்களிடமும் ஒன்று கேட்கிறேன்: மாணவர்களுக்கு ஒப்படை கொடுக்கும்போது ரொறன்ரோவிலும் லண்டனிலும் பாரிஸிலும் எங்கள் ஆட்கள் இயக்கியவற்றையும் தலைப்பாகக் கொடுங்கள். அங்கே அவர்களோடு நடித்தவர்கள் இன்னும் இருக்கிறார்கள். வட்ஸ்அப்பில் ஒரு மணித்தியாலம் கதைத்துப் பதிவு செய்தாலே எவ்வளவோ வெளியே வரும்.

பாலச்சந்திரனின் வானொலி நாடகமோ, ரீவி நிகழ்ச்சியோ, மேடைப் பதிவோ யாரிடமாவது இருந்தால் உட்பெட்டியில் எழுதுங்கள். இங்கே என்றாலும் சரி, கனடா என்றாலும் சரி. கசெற்றில் வெள்ளையாகப் பூஞ்சணம் பிடித்திருந்தால் மட்டும் தயவுசெய்து போட்டுப் பார்க்க வேண்டாம், ரேப் ஒட்டி அறுந்துவிடும். அப்படியே ஈரம் படாத இடத்தில் வைத்து, எந்த வருடம், எந்த வானொலி, யார் யாருடைய குரல் என்று தெரிந்ததை ஒரு துண்டில் எழுதிக் கூடவே வையுங்கள். மிச்சத்தைச் செய்யத் தெரிந்தவர்களிடம் நான் கொண்டுபோய்ச் சேர்க்கிறேன்.