ஓடும்போதே எடுத்து வையுங்கள்

கேம் டிஸ்கையெல்லாம் ஹார்ட் டிஸ்கில் நகல் எடுத்து வைக்கிறேன் என்று சொன்னால் போதும், கேட்பவர் முகத்தில் ஒரு நமட்டுச் சிரிப்பு வரும். "ஓ, திருட்டு கேமா?" இல்லைங்க. காசு கொடுத்து வாங்கிய டிஸ்க், பெட்டி, உள்ளே இருக்கும் கையேடு எல்லாம் அலமாரியில் அப்படியே இருக்கிறது. அதிலிருந்துதான் எடுக்கிறேன். எடுக்காமல் விட்டதால் என்ன ஆனது என்பதைச் சொல்லத்தான் இந்தப் பதிவு.

விடுமுறைக்கு வந்திருந்த அக்கா மகன் என் பழைய பிஎஸ்2-ஐ (பிளேஸ்டேஷன் 2 கேம் கன்சோல்) தூசி தட்டி எடுத்தான். நான் கல்லூரி நாட்களில் ராத்திரி ராத்திரியாக உட்கார்ந்து விளையாடிய கேம் ஒன்றைப் போட்டான். முதல் இரண்டு நாள் ஒரு பிரச்சினையும் இல்லை. மூன்றாம் நாள், ஒரு கதவைத் திறந்து அடுத்த ஊருக்குள் போகும் இடத்தில் திரை கறுத்து, அப்படியே நின்றது. உள்ளே லென்ஸ் முன்னும் பின்னும் ஓடித் தேடும் சத்தம், சர்ர்... டக். சர்ர்... டக். டிஸ்கை வெளியே எடுத்து வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தால் விளிம்பிலிருந்து ஒரு விரல் அகலம் உள்ளே தள்ளி, வட்டத்தோடு வட்டமாக ஓடும் ஒரு மெல்லிய கீறல். குறுக்கே விழும் கீறலைக்கூட மன்னிக்கலாம், இந்த மாதிரி தடத்தோடு கூடவே ஓடும் கீறல்தான் கொல்லும். குறுக்குக் கீறல் ஒவ்வொரு சுற்றிலும் கொஞ்சம் கொஞ்சம்தான் தின்னும், மிச்சத்தைப் பிழைதிருத்தக் கணக்கு நிரப்பிவிடும். வட்டக் கீறல் ஒரே இடத்தில் மொத்தமாகத் தின்றுவிடும்.

அவன் மேல் தப்பில்லை. "மாமா, நான் ஒண்ணும் பண்ணல"ன்னு பாவமாக நின்றான். அந்தக் கீறல் எத்தனை வருடமாக இருந்ததோ.

நம்மில் பலர் பளபளக்கும் அடிப்பக்கத்தை மட்டும் பொத்திப் பொத்திப் பாதுகாப்போம். சிடியில் உண்மையில் ஆபத்தான பக்கம் மேல்பக்கம், படம் அச்சிட்ட பக்கம். தகவல் இருக்கும் அலுமினியப் படலம் அந்த அச்சுக்கும் ஒரு மெல்லிய பூச்சுக்கும் கீழேதான் இருக்கிறது. அடியில் விழுந்த கீறலைத் தேய்த்துச் சரிசெய்ய ஓரளவு வாய்ப்பு உண்டு. மேலே பேனாவால் அழுத்திப் பெயர் எழுதினால், எழுதிய இடம் போனது போனதுதான். டிவிடியில் படலம் இரண்டு பிளாஸ்டிக் தகடுகளுக்கு நடுவில் இருப்பதால் பரவாயில்லை. உங்களிடம் பிஎஸ்1 காலத்து சிடி இருந்தால் ஒன்றை எடுத்து பல்புக்கு நேராகப் பிடித்துப் பாருங்கள். ஊசி குத்தியது போல வெளிச்சப் புள்ளிகள் தெரிந்தால் அங்கே படலம் போய்விட்டது. நான் பார்த்தேன், என் சேகரிப்பில் இரண்டில் தெரிந்தது. அன்றைக்கே நகல் எடுக்க உட்கார்ந்தேன்.

பிஎஸ்1, பிஎஸ்2 இரண்டுக்கும் இது பெரிய வித்தையே இல்லை. சாதாரண கணினி டிவிடி டிரைவ் படிக்கும். பிஎஸ்1-இன் நகல் தடுக்கும் பூட்டு என்று சொல்வது டிஸ்கின் தடத்தையே லேசாக நெளிய வைத்து அதில் பொதித்த ஒரு குறியீடு. சாதாரண சிடி ரைட்டரால் அந்த நெளிவைப் போட முடியாது, அதனால்தான் எரித்த சிடி அந்தக் கன்சோலில் அப்படியே ஓடாது. ஆனால் உள்ளே இருக்கும் கேமைப் படிக்க எந்தத் தடையும் இல்லை. ஒன்று மட்டும் கவனம்: பல பிஎஸ்1 கேம்களில் பின்னணி இசை தனித்தனி ஆடியோ டிராக்காக இருக்கும். டிஸ்கின் தகவலை மட்டும் ஒரே கோப்பாக எடுக்கும் வெறும் ஐஎஸ்ஓ எடுத்தால் கேம் வரும், பாட்டு வராது. 'பின்' (.bin), 'க்யூ' (.cue) என்று இரண்டு வகைக் கோப்புகளாகத்தான் எடுக்க வேண்டும். பிஎஸ்2 டிவிடிக்கு ஐஎஸ்ஓ போதும். ஒரு அடுக்கு என்றால் 4.7 ஜிபி, இரண்டு அடுக்கு என்றால் 8.5. என்னிடம் இருக்கும் நாற்பது சொச்சம் டிஸ்க் எல்லாம் சேர்ந்தும் 200 ஜிபியைத் தொடவில்லை. எஃப்ஏடி32 (FAT32) என்ற பழைய முறையில் ஃபார்மட் செய்த ஹார்ட் டிஸ்கில் போடப் போகாதீர்கள், 4 ஜிபிக்கு மேல் ஒரு கோப்பை அது ஏற்காது.

மற்ற கன்சோல்கள் அவ்வளவு சுலபமில்லை. நின்டெண்டோவின் வீ (Wii), கேம்க்யூப் டிஸ்குகளைப் பெரும்பாலான கணினி டிரைவ்கள் திரும்பிக்கூடப் பார்க்காது, வீ கன்சோலிலேயே தனி மென்பொருள் ஏற்றித்தான் எடுக்க வேண்டும். பிஎஸ்3-க்குச் சில குறிப்பிட்ட புளூரே டிரைவ்கள் மட்டும்தான் சரிப்படும், மறையாக்கத்தைத் திறக்கும் சாவியும் வேண்டும். அதையெல்லாம் நான் இன்னும் தொடவில்லை, அதனால் பெரிய மனுஷன் மாதிரி பேசவும் இல்லை.

சரி, நான் செய்த முட்டாள்தனத்துக்கு வருகிறேன். முதல் வாரம் ஒரே நாளில் எட்டு டிஸ்க் முடிக்க வேண்டும் என்ற வெறி. ஒரு டிஸ்க் 71 சதவீதத்தில் நின்று முக்கியது. மென்பொருளில் 'பிழைகளைப் பொருட்படுத்தாதே' என்று ஒரு பெட்டி இருந்தது, டிக் போட்டேன். சரசரவென்று முடிந்தது, எமுலேட்டரில் (கன்சோல் மாதிரியே நடிக்கும் கணினி மென்பொருள்) போட்டால் கேமும் ஓடியது. எனக்கு ஒரே பெருமை. ஆறு மணி நேரம் விளையாடிய பிறகு ஒரு வீடியோக் காட்சி வரும் இடத்தில் தொங்கியது. படிக்க முடியாத இடங்களில் எல்லாம் மென்பொருள் பூஜ்யத்தைப் போட்டு நிரப்பிவிட்டு, 'வெற்றிகரமாக முடிந்தது' என்று எனக்குச் சொல்லியிருக்கிறது. டிவிடியில் பிழைதிருத்தம் 16 செக்டர் (தகவலின் சிறு துண்டு) சேர்ந்த ஒரு கட்டாக நடக்கும், கட்டு ஒன்று போனால் 32 கேபி மொத்தமாகப் போகும். இரண்டு மூன்று கட்டு போனாலே ஒரு காட்சி தொங்க அது போதும்.

ஆகவே, ஓடுகிறது என்பது ஒரு சான்றே இல்லை. ரீடம்ப் என்று ஒரு திட்டம் இருக்கிறது. ஆர்வலர்கள் தங்கள் டிஸ்குகளை நகல் எடுத்து, அந்த நகலின் செக்சம் எண்களை (கோப்பின் எல்லா பைட்டையும் வைத்துக் கணக்கிடும், கைரேகை மாதிரியான எண்) பதிந்து வைத்திருக்கிறார்கள். கேம் அங்கே கிடைக்காது, எண்கள் மட்டும்தான். உங்கள் நகலின் எண் அதோடு பொருந்தினால் டிஸ்கில் இருந்த ஒவ்வொரு பைட்டும் வந்துவிட்டது என்று நிம்மதியாகத் தூங்கலாம். ஒரு பைட் மாறினாலும் பொருந்தாது. எட்டு டிஸ்கையும் மறுபடி சரிபார்த்ததில் மூன்று பொருந்தவில்லை. மூன்றும் 'வெற்றிகரமாக முடிந்தவை'.

இவ்வளவு பாடு எதுக்கு, அதே கேம் நெட்டில் ரெடியாகக் கிடைக்கிறதே என்று கேட்பவர்களுக்கு: கிடைக்கும், தெரியும். ஆனால் அது யாரோ எடுத்தது. எந்தப் பிராந்தியப் பதிப்பு, எந்தத் திருத்தம், இடத்தை மிச்சம் பிடிக்க வீடியோவை வெட்டியிருக்கிறார்களா என்று ஒன்றும் தெரியாது. அதைவிட முக்கியம், அதை இறக்கிவிட்டு 'பேக்கப்' என்று சொல்லிக்கொள்வது எனக்குக் கூச்சமாக இருக்கிறது. டிஸ்கே இல்லாதவன் ஐநூறு கேம் வைத்துக்கொண்டு பேக்கப் என்று பேசுவதால்தான் என் மாதிரி ஆட்களைப் பார்த்தும் நமட்டுச் சிரிப்பு வருகிறது. சட்டமும் நாட்டுக்கு நாடு மாறுகிறது. அமெரிக்காவில் 1998-இல் வந்த டிஎம்சிஏ என்ற பதிப்புரிமைச் சட்டம், நகல் பூட்டைத் திறப்பதையே தனியாகத் தடை செய்கிறது. உங்கள் ஊர்ச் சட்டம் என்ன சொல்கிறது என்று நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள்.

நிறுவனங்கள் நமக்காக இதைச் செய்யும் என்றும் காத்திருக்க முடியாது. எக்ஸ்பாக்ஸ் 360-இல் 2008 நவம்பரில் கேமை ஹார்ட் டிஸ்கில் ஏற்றும் வசதி கொடுத்தார்கள், நல்ல விஷயம்தான், ஆனால் விளையாட டிஸ்க் உள்ளே இருந்தே ஆக வேண்டும். டிஸ்க் உடைந்தால் ஏற்றி வைத்தது சும்மா இடத்தை அடைத்துக்கொண்டு கிடக்கும். சரி டிஜிட்டலாகவே வாங்கலாம் என்றால், வீயின் ஆன்லைன் கடை 2019 ஜனவரியில் மூடியாயிற்று, நின்டெண்டோவின் மற்ற கன்சோல்களான 3டிஎஸ், வீ யூ கடைகள் 2023 மார்ச்சில், எக்ஸ்பாக்ஸ் 360 கடை 2024 ஜூலையில். அமெரிக்காவில் வெளியான பழைய கேம்களில் 87 சதவீதம் இப்போது விற்பனையிலேயே இல்லை என்று வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023-இல் ஆய்வு வெளியிட்டது. அலமாரியில் இருக்கும் டிஸ்க் போனால், கடைக்குப் போய் இன்னொன்று வாங்கலாம் என்ற பேச்சுக்கே பெரும்பாலும் இடமில்லை.

எடுத்த நகலை இரண்டு ஹார்ட் டிஸ்கில் வையுங்கள். கைதவறி கீழே விழுந்த ஒன்று என்னிடமும் இருக்கிறது, அந்தக் கதை வேண்டாம்.

பொருந்தாத மூன்றுக்கும் வருகிறேன். ஒன்று, சோப்புத் தண்ணீரில் கழுவி, நடுவிலிருந்து விளிம்புக்கு நேர்கோட்டில் துடைத்ததிலேயே சரியானது (வட்டமாகத் துடைக்காதீர்கள், வட்டக் கீறல் பிறப்பதே அப்படித்தான்). இன்னொன்று, நண்பனின் பழைய டிரைவில் மிகக் குறைந்த வேகத்தில் ராத்திரி முழுக்க ஓடவிட்டதில் வந்தது. மூன்றாவது, அக்கா மகன் போட்ட அதே டிஸ்க். எதற்கும் மசியவில்லை. கடைசியில் அதே பதிப்பு, அதே குறியெண் உள்ள இன்னொரு டிஸ்கை பழையது விற்பவரிடம் வாங்கினேன். அதன் நிலைமை என்னுடையதைவிட மோசம், ஆனால் கீறல் வேறு இடத்தில். டிடிரெஸ்க்யூ என்று ஒரு மென்பொருள் எந்தெந்த இடம் வந்தது, எது வரவில்லை என்று ஒரு வரைபடம் எழுதி வைத்துக்கொள்ளும். என் டிஸ்கில் வராத ஓட்டைகளை மட்டும் இரண்டாவது டிஸ்கிலிருந்து படித்து நிரப்பச் சொன்னேன். இரண்டு ஊனமும் சேர்ந்து ஒரு முழு கேம். செக்சம் பொருந்தியதும் நாற்காலியைவிட்டு எழுந்து ஒரு நடை நடந்துவிட்டு வந்தேன்.

அக்கா மகனுக்கு உடனே போன் போட்டேன். "டேய், அந்தக் கதவு திறந்துடுச்சுடா."

"சூப்பர் மாமா. என் சேவ் இருக்குல்ல?"

சேவ் எல்லாம் இருக்கும் 8 எம்பி மெமரி கார்டு. அதை நகல் எடுக்கவேண்டும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. இப்போது அதை எங்கே வைத்தேன் என்று தேடிக்கொண்டிருக்கிறேன்.